ஓபரா பாடகர் பள்ளிக்கு வரும்போது: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பள்ளிக் குழந்தைகள் முன் பாடப்போகும் ஓபரா (பாட்டாலேயே கதையை நடத்தும் மேற்கத்திய இசைநாடகம்) பாடகர்களும், அவர்களை அழைக்கும் ஆசிரியர்களும், பிள்ளைகளை அரங்குக்குக் கூட்டிப்போக நினைக்கும் பெற்றோரும் திரும்பத் திரும்பக் கேட்பவை இங்கே இருக்கின்றன. எடுத்துக்காட்டுகள் பெரும்பாலும் மோட்சார்ட்டின் ‘மந்திரப் புல்லாங்குழல்’ ஓபராவிலிருந்து வரும். ஏன் அது என்பதற்கும் கீழே பதில் உண்டு.

எந்த வயதில் தொடங்கலாம்?

ஆறு வயதிலிருந்து தாராளமாக. அதற்கும் சிறியவர்கள் கேட்பார்கள், ஆனால் பத்து நிமிடத்துக்கு மேல் ஓரிடத்தில் இருக்க மாட்டார்கள். ஒன்பது முதல் பதினொன்று வரை உள்ளவர்கள்தான் இந்த வேலைக்கு வாய்த்த கூட்டம்: கதையைப் பின்தொடரத் தெரியும், கூச்சம் இன்னும் வந்திருக்காது. பதின்மூன்று, பதினான்கு வயதினர் கைகட்டி உட்கார்ந்திருப்பார்கள். அது பிடிக்கவில்லை என்று பொருளல்ல. பக்கத்தில் இருப்பவன் என்ன நினைப்பானோ என்ற கவலை அது. அவர்களிடம் கைதட்டச் சொல்லி, கூடப் பாடச் சொல்லி வற்புறுத்தாமல், குரல் எப்படி வேலை செய்கிறது என்ற பக்கத்திலிருந்து போனால் நிமிர்ந்து உட்காருவார்கள்.

எவ்வளவு நேரம்? எந்த வரிசையில்?

ஆறு முதல் எட்டு வயதுக்கு 30 நிமிடம். அதற்கு மேல் 45. உயர்நிலைப் பள்ளிக்கு ஒரு மணி நேரம் வரை போகலாம், கடைசிப் பதினைந்து நிமிடம் கேள்விகளுக்கு.

வரிசையில் நாங்கள் விட்டுக்கொடுக்காத ஒன்று உண்டு. குரல் முதலில், விளக்கம் பிறகு. ‘ஓபரா என்பது 1600-ஐ ஒட்டி இத்தாலியில் தோன்றிய...’ என்று ஆரம்பித்தால் அந்தக் கூட்டம் கைவிட்டுப் போய்விடும். தலைமை ஆசிரியரின் அறிமுக உரையைக்கூடப் பின்னால் தள்ளச் சொல்லுங்கள். கதவைத் திறந்துகொண்டு பாடியபடியே உள்ளே வாருங்கள். இரண்டு, மூன்று நிமிடம் பாடுங்கள். அதன் பிறகு ‘இப்போது நான் யார், என்ன வேண்டும் என்று கேட்டேன், கோபமா, சந்தோஷமா?’ என்று கேளுங்கள். கைகள் உயரும்.

அடுத்து, பாத்திரத்தின் நிலைமையை நாலே வரியில் சொல்லிவிட்டு அதே பாட்டின் முதல் பகுதியை மறுபடி பாட வேண்டும். பலரும் இதைச் செய்வதில்லை. புதுப் பாட்டு, புதுப் பாட்டு என்று ஓடுவார்கள். குழந்தைக்கு ஒரு மெட்டு ‘தெரிந்த மெட்டு’ ஆவதற்கு இரண்டு, மூன்று தடவை காதில் விழவேண்டும். 45 நிமிடத்துக்கு நான்கு பாட்டு போதும், ஐந்தாவது அதிகம்.

நடுவில் குழந்தைகள் எழுந்து நின்று செய்ய ஏதாவது ஒன்று. முடிவுக்குச் சற்று முன் நிகழ்ச்சியிலேயே மிக மெதுவான, மென்மையான பாட்டு. அதைத் தொடக்கத்தில் வைத்தால் நெளிவார்கள். அரைமணி நேரம் பழகிய பிறகு அதே பிள்ளைகள் அசையாமல் கேட்பார்கள்.

ஏன் எல்லோரும் ‘மந்திரப் புல்லாங்குழல்’ பாடுகிறார்கள்?

சோம்பேறித்தனமும் ஒரு காரணம். ஆனால் நல்ல காரணங்களும் இருக்கின்றன. பாம்பு துரத்துகிறது, பறவைபிடிப்பவன் ஒருவன் பொய் சொல்லி மாட்டிக்கொண்டு வாயில் பூட்டோடு நிற்கிறான், இரவின் ராணி என்ற தாய் மகள் கையில் கத்தியைக் கொடுத்துத் தன் எதிரி சரஸ்ட்ரோவைக் காட்டி ‘அவனைக் கொல்’ என்கிறாள். இது ஆடை அலங்காரத்தோடு அரண்மனைக்கு எழுதிய படைப்பும் அல்ல. 1791 செப்டம்பர் 30 அன்று வியன்னா புறநகரில் காசு கொடுத்துச் சிரிக்க வந்த பொதுமக்கள் முன் அரங்கேறியது. வசனத்தை எழுதிய ஷிக்கனேடரே பறவைபிடிப்பவன் பாப்பகேனோவாக நடித்தார்.

பாப்பகேனோ மேடையில் வாசிப்பதுபோல் நடிக்கும் மணிவாத்தியத்தை, ஒருநாள் மேடைக்குப் பின்னால் மோட்சார்ட் தானே வாசித்து, ஷிக்கனேடர் எதிர்பாராத இடத்தில் வேண்டுமென்றே ஒலிக்கவிட்டு அவரைத் திணறடித்தார். மனைவிக்கு எழுதிய கடிதத்தில் அதை அவரே சொல்லியிருக்கிறார். பிள்ளைகளுக்குச் சொல்லத்தக்க வரலாறு இதுதான், பிறந்த தேதியும் இறந்த தேதியும் அல்ல.

குரல் வகையைக் காட்டவும் இதைவிட வசதியான ஓபரா இல்லை. இரவின் ராணி தொடும் உச்ச சுரம் சுமார் 1,397 ஹெர்ட்ஸ். அதே ஓபராவில் சரஸ்ட்ரோ இறங்கும் அடி சுரம் சுமார் 87 ஹெர்ட்ஸ். இரண்டும் ஒரே எஃப் சுரம்தான், இடையே சரியாக நான்கு ஸ்தாயி. பியானோவில் இரண்டு கட்டையையும் தொட்டுக் காட்டி, ‘ஒரே கதையில் ஒருவர் இங்கே, இன்னொருவர் அங்கே’ என்றால் சோப்ரானோ (உயர்ந்த பெண் குரல்), பாஸ் (தாழ்ந்த ஆண் குரல்) என்ற பெயர்களைத் தனியாகப் பாடம் நடத்த வேண்டியதில்லை.

கத்திக் காட்சியை நீக்கச் சொல்லிச் சில பள்ளிகள் கேட்பதுண்டு. நீக்க வேண்டாம். கேட்டு நடுங்குவது பெரும்பாலும் ஆசிரியர்கள்தான். கத்தியை எடுத்துவிட்டால் அந்த ராணி எதற்காக அவ்வளவு உயரத்தில் கத்துகிறாள் என்பதற்கே காரணம் இல்லாமல் போகும்.

மைக் வைக்கலாமா?

பேச்சுக்கு வேண்டுமானால் வையுங்கள். பாட்டுக்குக் கூடாது. ஒலிபெருக்கி வழியாக வரும் குரலைப் பிள்ளைகள் தினமும் கேட்கிறார்கள். ஒரு மனிதத் தொண்டையிலிருந்து எந்தக் கருவியும் இல்லாமல் கூடத்தை நிரப்பும் ஒலி வருவதைத்தான் அவர்கள் கேட்டதில்லை. ஒலிப்பதிவில் கிடைக்காத ஒரே விஷயம் அது. அதையும் மைக்கில் கரைத்துவிட்டால் பாடகரை வரவழைத்த செலவு வீண்.

எப்படி அது சாத்தியம் என்று நிச்சயம் கேட்பார்கள். கத்துவதால் அல்ல. ஆர்கெஸ்ட்ராவின் ஒலிவலிமை 500 ஹெர்ட்ஸ் அளவில் அதிகம், மேலே போகப் போகக் குறையும். பயிற்சி பெற்ற டெனர், பாரிடோன், பாஸ் ஆகிய ஆண் குரல்கள் குரல்வளையைத் தாழ்த்தித் தொண்டைக்குழியை அமைக்கும் விதத்தால் 3,000 ஹெர்ட்ஸை ஒட்டிய பகுதி அவர்கள் குரலில் பலமாகிறது. ஆர்கெஸ்ட்ரா மெலிந்திருக்கும் அந்த இடத்தில் மனிதக் காதுக்குக் கூர்மையும் அதிகம். ஸ்வீடன் ஆய்வாளர் யோஹான் சுண்ட்பெரி விரிவாக ஆராய்ந்து விளக்கியது இது. சோப்ரானோக்கள் உச்சத்தில் வேறு வழி பிடிக்கிறார்கள்: வாயை அகலத் திறந்து, வாயறையின் ஒத்ததிர்வைப் பாடும் சுரத்தோடு சேர்த்துவிடுகிறார்கள். அதற்கு விலை, சொற்களின் தெளிவு. மேலே போனால் ‘ஆ’வும் ‘ஈ’யும் ஒன்றுபோலக் கேட்பது அதனால்தான்.

இதை வகுப்பில் காட்ட எளிய வழி உண்டு. பியானோவை ஓங்கி வாசிக்கச் சொல்லி, ஒரு மாணவரைச் சத்தமாகப் பேசச் சொல்லுங்கள், அமுங்கிப்போகும். அதே வாசிப்பின் மேல் பாடகர் நடுத்தர வலிமையில் பாடட்டும். வேறுபாடு கடைசி வரிசைக்கும் தெரியும்.

அவ்வளவு சத்தம் குழந்தைகளின் காதுக்குக் கெடுதல் இல்லையா?

பக்கத்தில் நின்றால் கெடுதல்தான். ஓபரா குரலின் உச்சம் ஒரு மீட்டர் தூரத்தில் 100 டெசிபலைத் தாண்டலாம். வேலைத்தலங்களில் பெரியவர்களுக்கே அந்த அளவை ஒருநாளில் 15 நிமிடத்துக்கு மேல் அனுமதிக்கக் கூடாது என்பது அமெரிக்காவின் தொழில்பாதுகாப்பு ஆய்வு அமைப்பான நியாஷின் (NIOSH) வரையறை. முதல் வரிசையை 3 மீட்டர் தள்ளிப் போடுங்கள். பாடிக்கொண்டே பிள்ளைகள் நடுவே நடப்பது அழகான காட்சி, ஆனால் அப்போது நடுத்தர சுரங்கள் மட்டும், முகம் குழந்தையின் காதுக்கு நேராக இல்லாமல். வேடிக்கைக்காக ஒரு பையனின் முகத்தருகே குனிந்து உச்ச சுரம் எடுக்கும் பழக்கம் சிலருக்கு உண்டு. அது வேண்டாம்.

எந்த அறை நல்லது?

உடற்பயிற்சிக் கூடத்தைத்தான் பள்ளிகள் முதலில் காட்டும், பெரியது என்பதால். பெரும்பாலும் அதுவே மோசமான இடம். வெற்றுச் சுவர், தகரக் கூரை, பளபளத் தரை. கைதட்டிப் பாருங்கள். ஒலி அடங்க இரண்டு நொடிக்கு மேல் ஆனால் சொற்கள் ஒன்றன்மேல் ஒன்று ஏறிக் குழம்பும், பேசுவதும் புரியாது. மறுபக்கம், கம்பளமும் திரைச்சீலையும் நிறைந்த சிறிய அறையில் ஒலி உறிஞ்சப்பட்டுப் பாடகர் தன்னையறியாமல் தொண்டையை அழுத்துவார், இரண்டாவது நிகழ்ச்சிக்குள் களைத்துவிடுவார்.

மரத்தரை போட்ட நூலகம், உணவுக்கூடம், பழைய வழிபாட்டுக் கூடம் போன்றவை பல நேரம் சரியாக அமையும். உணவுக்கூடமானால் குளிர்சாதனப் பெட்டியின் இரைச்சலைக் கவனியுங்கள். மின்விசிறி, குளிர்பதனக் கருவி இரண்டையும் பாட்டின்போது நிறுத்த முடியுமா என்று முன்னமே கேளுங்கள். பள்ளி மணி? அதை நிறுத்திவைக்கச் சொல்ல மறந்தால் மென்மையான பாட்டின் நடுவில்தான் அடிக்கும்.

எண்ணிக்கை நூறுக்குள் இருக்கட்டும். தரையில் அரைவட்டமாக, சிறியவர்கள் முன்னால். நாற்காலிகள் கிரீச்சிடும்.

பியானோ இல்லை. பதிவு செய்த பின்னணி இசை போதுமா?

கடைசி வழியாக மட்டும். பாடகர் மூச்செடுக்கும் இடம், ஒரு சுரத்தில் நின்று பிள்ளைகளின் முகத்தைப் பார்க்கும் இடம், சிரிப்பு அடங்கக் காத்திருக்கும் இடம் ஆகியவை ஒவ்வொரு முறையும் மாறும். பியானோ வாசிப்பவர் கூடவே வருவார். பதிவு தன் வழியில் ஓடும், பாடகர் அதன் பின்னால் ஓடவேண்டும்.

மின் பியானோ கொண்டுவருவதென்றால் 88 கட்டை உள்ளதாக, கட்டையை அழுத்தும்போது நிஜப் பியானோ போலக் கனம் தெரிவதாக இருக்கட்டும். அதன் ஒலிபெருக்கி பாடகருக்கும் கேட்கும்படி சற்றுத் திருப்பி வையுங்கள். வாசிப்பவருக்கு மட்டும் கேட்டால் சுருதி விலகும். பள்ளியில் இருக்கும் பழைய நிமிர்ந்த பியானோவை நம்பினால், அதை இடம் மாற்றிய பிறகு சுருதி சேர்க்க வேண்டும், மாற்றுவதற்கு முன் அல்ல. மேல் சுரங்கள் வழக்கமான சுருதியிலிருந்து (ஏ சுரம் 440 ஹெர்ட்ஸ்) கால் சுரம் இறங்கிக் கிடக்கும் பியானோவில் ராணியின் ஏரியாவை (ஓபராவில் வரும் தனிப்பாட்டை) பாடுவதைவிட, பாப்பகேனோவின் பாட்டை வைத்துக்கொண்டு ராணியை விட்டுவிடுவது மேல்.

பாட ஆரம்பித்ததும் பிள்ளைகள் சிரித்துவிட்டால்?

சிரிப்பார்கள். பக்கத்திலிருந்து அப்படி ஒரு ஒலியைக் கேட்டிராத உடம்பு அப்படித்தான் வெளிப்படுத்தும். கேலி அல்ல. தொடர்ந்து பாடினால் அரை நிமிடத்தில் தானாக அடங்கும். கெடுப்பது யாரென்றால், பின்னால் நின்று ‘உஷ்’ என்று அதட்டும் ஆசிரியர். அந்த ஒரு ஒலி, இது தேர்வு மாதிரி ஏதோ என்று பிள்ளைகளுக்குச் சொல்லிவிடும். நிகழ்ச்சிக்கு முன்பே ஆசிரியர்களிடம் சொல்லிவையுங்கள்: சிரித்தால் விட்டுவிடுங்கள், ஒருவரை ஒருவர் தள்ளினால் மட்டும் வாருங்கள்.

முதல் பாட்டையே சிரிக்கத்தக்கதாக வைத்துவிட்டால் பிரச்சினை பாதி தீர்ந்தது. இத்தாலிய இசையமைப்பாளர் ரோசினியின் பெயரில் வழங்கும் பூனைப் பாட்டு இதற்குப் பேர்போனது. இரண்டு பெண் குரல்கள், ‘மியாவ்’ ஒன்றே வரி. ரோசினி அதை முழுப் பாட்டாக எழுதவில்லை, அவருடைய ‘ஒதெல்லோ’விலிருந்து எடுத்த பகுதிகளோடு வேறொருவர் கோத்தது. அதைப் பிள்ளைகளிடம் சொல்லத் தேவையில்லை.

மொழி புரியாதே?

மூலமொழியில் பாடுங்கள், ஆனால் யார் யாரிடம் என்ன கேட்கிறார் என்பதை முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். ஒரு வரி போதும். குழந்தைக்குச் சலிப்புத் தட்டுவது ஜெர்மன் தெரியாததால் அல்ல, அங்கே என்ன நடக்கிறது என்று தெரியாததால். முழுக் கதையானால், இடையிலுள்ள வசனத்தைப் பிள்ளைகளின் மொழியிலும் பாட்டை மூலத்திலும் வைக்கலாம். ‘மந்திரப் புல்லாங்குழல்’ பேச்சும் பாட்டும் கலந்த வகையாதலால் இது தையல் தெரியாமல் பொருந்தும்.

மேடைக்கு மேலே வரிகளைக் காட்டும் முறையை 1983-இல் டொரோண்டோவில் கனடிய ஓபரா நிறுவனம் தொடங்கியது, இன்று பெரும்பாலான ஓபரா அரங்குகளில் வரிகளைக் காட்டுகிறார்கள். எட்டு வயதுக்குக் கீழே அது உதவாது. எழுத்துக்கூட்டிக்கொண்டே பாடகரைப் பார்க்க மறந்துவிடுவார்கள்.

பிள்ளைகளும் சேர்ந்து செய்ய என்ன இருக்கிறது?

இத்தாலியில் 1996 முதல் நடக்கும் ‘ஓபரா தொமானி’ திட்டத்தில், பிள்ளைகள் சில பாட்டுகளைப் பள்ளியிலேயே கற்றுக்கொண்டு போய், நிகழ்ச்சியில் தங்கள் இருக்கையிலிருந்து பாடுகிறார்கள். அந்த அளவு முடியாவிட்டாலும் பாப்பகேனோவின் குழலைச் செய்துவிடலாம். அவன் ஊதுவது ஐந்தே சுரம்: ஜி, ஏ, பி, சி, டி. ஜி-யை ஷட்ஜமாக வைத்தால் ச ரி க ம ப.

வேண்டியவை: சுமார் 1 சென்டிமீட்டர் விட்டமுள்ள தடித்த ஸ்ட்ரா ஐந்து, விளையாட்டுக் களிமண், ஒட்டுநாடா, ஐஸ் குச்சி ஒன்று. ஸ்ட்ராக்களை 11.5, 10.3, 9.3, 8.8, 7.9 செ.மீ. நீளத்தில் வெட்டி, அடிமுனையைக் களிமண்ணால் அடையுங்கள். உள்ளே மிஞ்சும் காற்றுக்குழி முறையே 10.6, 9.4, 8.4, 7.9, 7.0 செ.மீ. இருக்கவேண்டும். மேல்முனைகளை ஒரே மட்டத்தில் வைத்துக் குச்சியோடு சேர்த்து ஒட்டுங்கள். கீழுதட்டில் விளிம்பை வைத்து, குழாயின் குறுக்கே காற்று போகும்படி ஊதவேண்டும், உள்ளே அல்ல. சுருதி இறங்கியிருந்தால் களிமண்ணைக் குச்சியால் சற்று உள்ளே தள்ளுங்கள், ஏறியிருந்தால் வெளியே இழுங்கள். தொப்பென்று காற்று மட்டும் வந்தால் களிமண்ணில் எங்கோ இடைவெளி இருக்கிறது.

மூன்றாவதுக்கும் நான்காவதுக்கும் இடையே மட்டும் நீள வித்தியாசம் பாதிதான் என்பதை ஒரு பிள்ளையாவது கண்டுபிடித்துவிடும். அதுவே அரைச்சுரம்.

பாடகர் ஒரு வரி பாடி நிறுத்த, குழல் பதில் சொல்லவேண்டும். ஒரே சமயத்தில் பத்துக் குழலுக்கு மேல் கொடுக்காதீர்கள்.

பிள்ளைகள் ஓபரா குரலை அப்படியே பாடிப் பார்க்கிறார்கள். தொண்டை கெடாதா?

வேடிக்கைக்கு இரண்டு நிமிடம் பாடினால் ஒன்றும் ஆகாது. அதையே பயிற்சியாகச் செய்வது தவறு. பெரியவர் குரல்நாண் முழுதாக வளர்ந்தது, பத்து வயதில் அது இன்னும் குட்டையாகவும் மென்மையாகவும் இருக்கும். கூடப் பாடவைக்கும் மெட்டை நடு சி-க்கு மேலுள்ள டி-யிலிருந்து அதற்கடுத்த டி வரை, ஒரு ஸ்தாயிக்குள் வைத்துக்கொள்ளுங்கள். குரல் உடையும் பருவத்துப் பையன்களைக் கீழ் ஸ்தாயியில் பாடவிடுங்கள். அதுவும் எட்டாவிட்டால் தாளம் போடட்டும், ஊரறியச் சுட்டிக்காட்ட வேண்டாம்.

கற்றுக்கொடுக்கத்தக்க பயிற்சி ஒன்று: கோப்பைத் தண்ணீரில் ஸ்ட்ராவை இரண்டு, மூன்று சென்டிமீட்டர் முக்கி, குமிழி விட்டபடியே ‘ஊ’ என்று மெட்டை முனகுவது. பாடகர்களும் இதைச் செய்கிறார்கள். தொண்டையை இறுக்கினால் குமிழி சீராக வராது, குழந்தைக்கே தெரிந்துவிடும்.

கண்ணாடி உடையுமா?

இந்தக் கேள்வி வராத பள்ளி கிடையாது. மெல்லிய படிகக் கோப்பையை விரலால் சுண்டினால் வரும் சுரத்தையே, மிகப் பலமாக, விலகாமல், மிக அருகிலிருந்து பாடினால் உடையலாம். 2005-இல் அமெரிக்கத் தொலைக்காட்சி நிகழ்ச்சி ஒன்றில் ஜேமி வெண்டேரா மைக் இல்லாமல் உடைத்துக் காட்டினார். அவர் ராக் பாடகர், ஓபரா பாடகர் அல்ல. பள்ளியில் முயலாதீர்கள். சுண்டிய கோப்பையின் சுரத்தைப் பாடகர் பிடிப்பதைக் காட்டினாலே போதும்.

கர்நாடக இசை கற்கும் தமிழ்க் குழந்தைகளுக்கு எப்படிச் சொல்வது?

அவர்கள் முதலில் கேட்பது: ‘ஏன் குரல் நடுங்கிக்கொண்டே இருக்கிறது?’ அந்த அதிர்வு நொடிக்கு ஐந்து முதல் ஏழு முறை, சுரத்தை ஒட்டியே ஆடும். குரல் தளர்வாக இயங்குவதால் வருவது. எந்த ராகம், எந்த சுரம் என்று பார்த்துப் போடும் கமகம் வேறு. இரண்டையும் பாடிக் காட்டினால் ஒரு நிமிடத்தில் புரியும். இன்னொரு வேறுபாடு சுருதி: இங்கே தம்பூரா இல்லை, ஆதார ஷட்ஜம் பாட்டுக்குள்ளேயே இடம் மாறும்.

மேற்கத்திய மேஜர் ஸ்கேல் சங்கராபரணத்தின் சுரங்கள்தான் என்பதை அவர்களே கண்டுபிடிக்க விடுங்கள். முத்துசுவாமி தீட்சிதர் கிழக்கிந்தியக் கம்பெனிப் பட்டாளத்தின் மெட்டுகளைக் கேட்டு சமஸ்கிருதத்தில் நொட்டுஸ்வரங்கள் என்ற பாட்டுகளை அமைத்தார். பிரிட்டனின் தேசியகீத மெட்டில் அமைந்த ‘சந்ததம் பாஹிமாம்’ பல பிள்ளைகளுக்கு ஏற்கனவே பாடம். மோட்சார்ட் பிறந்தது 1756, தியாகராஜர் 1767, தீட்சிதர் 1775. சமகாலத்தவர் என்றதும் பெற்றோர்தான் அதிகம் வியப்பார்கள்.

பாடகருக்குப் பள்ளி என்ன ஏற்பாடு செய்யவேண்டும்?

குரலைத் தயார்செய்ய அரைமணி நேரம் தனியறை, கழிப்பறைக்குப் பக்கமாக இல்லாமல். குளிர்விக்காத தண்ணீர். காலை பத்து மணிக்கு முன் வேண்டாம், அப்போது குரல் திறந்திருக்காது. ஒரு நாளில் இரண்டு நிகழ்ச்சி, நடுவில் குறைந்தது ஒரு மணி நேரம். மூன்றாவதற்குச் சம்மதிக்கும் பாடகரையும் நீங்களே தடுங்கள். அன்று அந்த அறையில் ஊதுபத்தி, அறை வாசனைத் தெளிப்பு, புகை இயந்திரம் எதுவும் கூடாது.

உரிமை, அனுமதி?

மோட்சார்ட், ரோசினி, பிசே ஆகியோரின் இசைக்கு அனுமதி தேவையில்லை. 1893-இல் வைமாரில் அரங்கேறிய ‘ஹென்செல், கிரேட்டெல்’ ஓபராவுக்கு இசையமைத்த ஹும்பர்டிங்க் 1921-இல் மறைந்தவர், அவரது இசையும் அப்படியே. ஆனால் புது மொழிபெயர்ப்புக்கும் புதிதாகச் சுருக்கிய பதிப்புக்கும் தனி உரிமை உண்டு. இசையமைப்பாளர்கள் பெஞ்சமின் பிரிட்டன், மெனோட்டி ஆகியோர் குழந்தைகளுக்கு எழுதியவை உரிமைக்குட்பட்டவை, பதிப்பாளரிடம் கேட்டுத்தான் ஆகவேண்டும்.

சத்தத்துக்கு அஞ்சும் பிள்ளைகள் இருந்தால்?

ஆட்டிசம் உள்ள பிள்ளைகள், செவித்துணைக் கருவி அணிந்தவர்கள் பற்றி முன்கூட்டியே கேட்டுக்கொள்ளுங்கள். விளக்கை அணைக்க வேண்டாம். கதவருகே இடம் கொடுத்து, எழுந்து போகலாம், திரும்பி வரலாம் என்று சொல்லிவிடுங்கள். ஒலித்தடுப்பு ஹெட்போன் நாலைந்து வைத்திருங்கள். பலத்த இடம் வருமுன் பாடகர் கையை உயர்த்துவது என்று எல்லோருக்குமாக ஒரு சைகை வைத்தால், அஞ்சும் குழந்தை தனித்துத் தெரியாது. மற்ற பிள்ளைகளும் அந்தக் கைக்காகக் காத்திருப்பார்கள்.

பிடித்துவிட்டது. அடுத்து அரங்குக்குக் கூட்டிப்போகலாமா?

முழு ‘மந்திரப் புல்லாங்குழல்’ இடைவேளை சேர்த்து மூன்று மணி நேரம் வரை போகும். எட்டு வயதுக்கு அது நீளம். ‘ஹென்செல், கிரேட்டெல்’ சுமார் இரண்டு மணி நேரம்தான். சுருக்கிய வடிவங்களைத் தேடுங்கள்: நியூயார்க் மெட்ரோபாலிட்டன் ஓபரா விடுமுறைக் காலத்தில் ஆங்கிலத்தில் சுருக்கிய மோட்சார்ட்டைப் போடுவதுண்டு. ஜெர்மனியின் பைரொய்ட்டில் 2009 முதல் வாக்னரின் நீண்ட ஓபராக்களையே குழந்தைகளுக்குச் சுருக்கி நடத்துகிறார்கள். வியன்னா அரசு ஓபராவில் வருடாந்திர நடனவிழாவுக்கு மறுநாள், அதே நடனத்தளத்தில் சிறுவர்களுக்காக ‘மந்திரப் புல்லாங்குழல்’ நடப்பது வழக்கம்.

டிக்கெட் எடுக்கும்போது தரைத்தளத்தின் நடுவரிசைகளைத் தவிருங்கள், முன்னால் இருப்பவர் தலைதான் தெரியும். முதல் மாடியின் முன்வரிசை நல்லது. அங்கிருந்து ஆர்கெஸ்ட்ரா குழியும் தெரியும், மேடையில் சலிப்புத் தட்டும்போது பிள்ளைகள் டிம்பனி என்ற பெரிய மேளம் வாசிப்பவரைப் பார்த்துக்கொண்டிருப்பார்கள். தாமதமாகப் போனால் இடைவேளை வரை உள்ளே விடமாட்டார்கள், அரைமணி முன்னதாகப் போய்விடுங்கள். பள்ளியில் கேட்ட பாட்டு எந்த அங்கத்தில் வருகிறது என்று சொல்லிவையுங்கள். ராணியின் பெரிய ஏரியா இரண்டாம் அங்கத்தில். இடைவேளையில் ‘வீட்டுக்குப் போகலாமா’ என்று கேட்டால் அதைச் சொல்லி உட்காரவைக்கலாம்.